மேல பாருடா, என்ன தெரியுது?

ஆபீஸ்ல பக்கத்து சீட்டுப் பையன் தன்னோட பொட்டியில வால்பேப்பரா ஒரு படம் வச்சிருந்தான். கீழ அலையடிக்கிற கடல். பின்னாடி வெளிர் நீல வானம், கொஞ்சம் மேகம். நடுவுல, அந்தரத்துல, மலை சைஸுக்கு ஒரு பாறை. அந்தப் பாறை உச்சியில ஒரு கோட்டை. பாறையைத் தாங்கறதுக்கு ஒண்ணுமே கிடையாது.

"என்னடா இது?"ன்னு கேட்டது என் தப்பு. ஆணி புடுங்கற வேலையை அப்படியே விட்டுட்டு அரை மணி நேரம் வகுப்பு எடுத்துட்டான். பெல்ஜியம் நாட்டு ஓவியர் ரெனே மாக்ரித் 1959ல வரைஞ்சதாம். பேரு 'பைரனீஸ் கோட்டை'. இந்த மாதிரி ஓவியங்களுக்கு சர்ரியலிசம்னு பேரு. 1924ல ஆந்த்ரே பிரெத்தோன்னு ஒரு பிரெஞ்சுக் கவிஞர் பாரிஸ்ல ஒரு அறிக்கை வெளியிட்டு ஆரம்பிச்சு வச்ச இயக்கம். கனவுல வர்றதையும் நனவுல இருக்கறதையும் பிரிக்காம ஒண்ணா வைக்கணும்ங்கறது அவங்க கட்சி. தமிழ்ல மீமெய்யியல்னு சொல்றாங்க.

"யோசிச்சுப் பாரு, கடல் மேல கல்லு மிதக்குது! என்னா கற்பனை!"ன்னான்.

"எங்க ஊர்ல மிதந்திருக்குடா"ன்னேன்.

நான் கடலூர்க்காரன். ஊர்க்காரங்களுக்குக் கதை தெரியும். அப்பரைக் கல்லோட சேர்த்துக் கட்டிக் கடல்ல போட்டான் பல்லவ ராஜா. கல்லு தெப்பமாகி அவரைக் கொண்டுவந்து திருப்பாதிரிப்புலியூர்ல கரை சேர்த்துச்சு. சேக்கிழார் பெரிய புராணத்துல எழுதியிருக்கார். கரை ஏறின இடம்னு சொல்லி கரையேறவிட்டகுப்பம்னு ஒரு ஊரே இருக்கு எங்ககிட்ட. பஸ் போகும். மாக்ரித் கல்லு ஒரு படி மேல போய் காத்துல நிக்குது, அவ்வளவுதான் வித்தியாசம் :-)

இதுல ஒரு கூத்து இருக்கு. அந்தப் பல்லவ ராஜா முதலாம் மகேந்திரவர்மன்னு சொல்றது வழக்கம். அவனுக்கு இருந்த பட்டப்பேர்கள்ல ஒண்ணு 'சித்திரகாரப்புலி'. ஓவியர்கள்ல புலி. எங்க ஊர்க் கதையில வில்லனே ஒரு ஓவியன்.

புலின்னு சொன்னதும் இன்னொண்ணு. கடலூருக்குப் பழைய பேரு பாதிரிப்புலியூர். சிதம்பரத்துக்குப் பழைய பேரு பெரும்பற்றப்புலியூர். ரெண்டு ஊருக்கும் நடுவுல நாப்பது சொச்சம் கிலோமீட்டர்தான். ரெண்டு புலிக்கும் காரணம் ஒரே ஆளு. புலிக்கால் முனிவர், வியாக்ரபாதர்.

அவர் கதையை எனக்குச் சொன்னது எங்க ஆயா. அம்மாவோட அம்மா. பூஜைக்குப் பூப்பறிக்கணும். விடிஞ்சப்புறம் போனா வண்டு மொய்ச்சிடும், எச்சில் பூ ஆயிடும். விடியறதுக்கு முன்னாடி போனா இருட்டு, மரமெல்லாம் பனியில வழுக்கும். அதனால சாமிகிட்ட வரம் கேட்டாராம். வழுக்காம மரம் ஏற புலிக்கு இருக்கற மாதிரி காலும் கையும் வேணும். ஆயா கதையில இன்னொரு வரமும் உண்டு. இருட்டுல எது நல்ல பூன்னு பார்க்க விரல் நுனியிலெல்லாம் கண்ணு வேணும்.

சின்ன வயசுல இதைக் கேட்டுட்டு என் விரலை ஒவ்வொண்ணா மடக்கி மடக்கிப் பார்ப்பேன். விரல்ல கண்ணு இருந்தா, மூக்கு நோண்டும்போது என்ன தெரியும்னு கேட்டு அடி வாங்கியிருக்கேன்.

இவரோட சேர்ந்து ஆட்டம் பார்க்க வந்தவர் பதஞ்சலி. இடுப்புக்கு மேல மனுஷன், கீழ பாம்பு. இவங்க காத்திருந்த இடம் தில்லைக் காடு. தில்லை மரம் இப்ப சிதம்பரம் ஊருக்குள்ள காடா இல்ல, பிச்சாவரம் பக்கம் போனா உப்பங்கழியில நிக்கும். அதோட பால் கண்ணுல பட்டா பார்வை போயிடும்னு படகுக்காரங்க எச்சரிப்பாங்க. நிஜம்தான், அலையாத்தி வகையில கண்ணைக் கெடுக்கற மரம்னு பேர் வாங்கினது அது. ஆக, கண்ணைக் குருடாக்கற காட்டுல, விரல்ல கண்ணு வச்ச ஒருத்தரும் பாம்பு உடம்புக்காரர் ஒருத்தரும் ஒரு டான்ஸுக்காகக் காத்துக்கிட்டிருக்காங்க. இதை ஒரு ஐரோப்பியர் வரைஞ்சிருந்தா பக்கத்து சீட்டுப் பையன் வால்பேப்பர் மாத்தியிருப்பான்.

நம்ம ஊர்லயும் அப்படி வரைஞ்சவர் இருந்தார். கே. ராமானுஜம்னு பேரு. மெட்ராஸ் ஓவியக் கல்லூரியில படிச்சவர். கே.சி.எஸ். பணிக்கர் 1966ல தொடங்கின சோழமண்டலம் ஓவியர் கிராமத்துல இருந்தவர். நெருக்க நெருக்கமா மையில கோடு போட்டு மாளிகைகள், யாளி மாதிரி மிருகங்கள், பறக்கற ஆளுங்கன்னு ஒரு தனி உலகத்தையே வரைஞ்சார். அந்த உலகத்துக்குள்ள தொப்பி போட்டுக்கிட்டு அவரே இருப்பார். 1973ல, முப்பது சொச்ச வயசுலயே போய்ச் சேர்ந்துட்டார். அந்த உலகம் அவருக்கு எங்கேர்ந்து வந்துச்சுன்னு அவர் படங்களைப் பார்க்கும்போதெல்லாம் நினைச்சிருக்கேன். மயிலாப்பூர், திருவல்லிக்கேணின்னு கோயில் கோபுரம் பார்த்து வளர்ற பசங்களுக்கு அது ஒண்ணும் பெரிய தூரம் இல்லையோ என்னமோ.

நிற்க. நான் சொல்ல வந்தது வேற.

சிதம்பரம் நடராஜர் கோயிலுக்குள்ள சிவகங்கைக் குளத்துக்கு மேற்கால சிவகாமி அம்மன் சன்னதி இருக்கு. பொன்னம்பலம் பார்த்துட்டு வர்ற கூட்டத்துல பாதி இந்தப் பக்கம் வராது. வர்றவங்கள்ல பாதிப் பேர் நேரா அம்மனைப் பார்த்துட்டுத் திரும்பிடுவாங்க. முன்மண்டபத்துல நின்னு மேல பார்க்கணும். கூரை முழுக்க ஓவியம். நாயக்கர் காலம், பதினேழாம் நூற்றாண்டுன்னு சொல்றாங்க. காவிச் சிவப்பும் மஞ்சளும் கறுப்புக் கோடுமா கதை போய்க்கிட்டே இருக்கும். சிவன் பிச்சாடனரா, கையில ஓட்டோட, தாருகாவனத்துக்குப் போறார். கூட மோகினியா விஷ்ணு. முனிவர் பெண்டாட்டிங்க அவர் பின்னாடியும், முனிவருங்க மோகினி பின்னாடியும் மயங்கிப் போறாங்க. கோபம் வந்த முனிவருங்க யாகம் பண்ணி புலி, பாம்பு, முயலகன்னு ஒவ்வொண்ணா ஏவி விடறாங்க. புலியை உரிச்சு உடுத்திக்கறார், பாம்பை எடுத்து மாட்டிக்கறார், முயலகன் மேல ஏறி நின்னு ஆடறார்.

ஆயா என்னைச் சின்னதுல கூட்டிட்டுப் போகும்போதெல்லாம் அந்த மண்டபத்துலதான் உட்காரும். "கழுத்து வலிக்கும், படுத்துப் பாரு"ன்னு மடியில தலையை வச்சு மல்லாக்கப் படுக்க வைக்கும். "மேல பாருடா, என்ன தெரியுது?" நான் ஒவ்வொண்ணா சொல்லணும். தப்பாச் சொன்னா ஆயா கதையோட திருத்தும். படிக்காத மனுஷி. கையெழுத்து மட்டும் போடும். அந்தக் கூரைதான் அதுக்குப் புஸ்தகம். அது படிச்ச புஸ்தகத்துல நான் எழுத்துக் கூட்டினேன்.

பாதிப் படம் அப்பவே உதிர்ந்துதான் இருந்துச்சு. மழைத்தண்ணி கசிஞ்சா சுண்ணாம்புப் பூச்சு விட்டுப் போகும், உப்புப் பூக்கும், புகை படியும். அந்த இடமெல்லாம் வெள்ளைத் திட்டா, சாம்பல் திட்டா இருக்கும். "இங்க என்ன இருந்துச்சு ஆயா?"ன்னு கேட்டா, "நான் வர்றப்பவே போயிடுச்சுடா. தெரியல"ன்னு சொல்லும். எதுக்கும் கதை வச்சிருக்கற ஆயா அதுக்கு மட்டும் கதை சொல்லாது. எனக்கு அது ஆச்சரியமா இருக்கும். இட்டுக்கட்டிச் சொல்லியிருக்கலாமே?

அப்புறம் நான் வளர்ந்து, இன்ஜினியரிங் முடிச்சு, சென்னையில வேலைக்குச் சேர்ந்து, மாசத்துக்கு ஒரு தடவை ஊருக்குப் போற ஆளாயிட்டேன்.

2022ல ஆயாவுக்குக் கண்ணுல பிரஷர்னு சொன்னாங்க. கிளாக்கோமா. கண்ணுக்குள்ள அழுத்தம் ஏறி, பார்வை நரம்பு கொஞ்சம் கொஞ்சமா பட்டுப்போற நோய். பெரும்பாலும் வலிக்காது. முதல்ல ஓரப் பார்வைதான் போகும், நேரா பார்க்கறது தெரியும், அதனால யாருக்கும் தெரியாது. கறுப்பா ஒண்ணும் மறைக்காது. இல்லாத இடத்தை மூளையே பக்கத்துல இருக்கறதை வச்சு நிரப்பிக்கும். போன பார்வை திரும்பாது, இருக்கறதைக் காப்பாத்தலாம். அதுக்குத் தினமும் தவறாம சொட்டு மருந்து விடணும்.

ஆயா விடல. எரியுதுன்னு விட்டுடுச்சு. வாராவாரம் போன்ல பேசின நான், "சாப்டியா? மழையா? சரி வச்சிடட்டா?" இந்த மூணு கேள்வியைத் தாண்டினதில்ல. கோடு எழுதினா டெஸ்ட் பண்ணாம விடமாட்டோம். மனுஷங்க விஷயத்துல மட்டும் எல்லாம் சரியாத்தான் ஓடுதுன்னு நம்பிடறோம். நான் கவனிச்சப்ப ரொம்ப தாமதம். வெளிச்சம் தெரியும், ஆள் நிழல் தெரியும். அவ்வளவுதான்.

2024 தை மாசம், "சிதம்பரம் போகணும்"னு ஆயா சொல்லுச்சு. கூட்டம் இல்லாத நாளாப் பார்த்து கூட்டிட்டுப் போனேன். பொன்னம்பலத்துல தீபாராதனை முடிஞ்சு, ரகசியத்துக்குத் திரை விலக்கினப்ப, எல்லாரும் எட்டி எட்டிப் பார்த்தாங்க. உள்ள இருக்கறது தங்க வில்வ இலை மாலைங்க மட்டும்தான், உருவம் கிடையாது, வெட்டவெளிதான் சாமி. ஆயா கையெடுத்துக் கும்பிட்டுச்சு. "உங்களுக்கெல்லாம் என்ன தெரிஞ்சுதோ அதேதான் எனக்கும் தெரிஞ்சுது"ன்னு சொல்லிச் சிரிச்சுச்சு. எனக்குச் சிரிப்பு வரல.

அப்புறம் சிவகாமி அம்மன் மண்டபம். தூணோரமா உட்கார்ந்தோம். ஆயா தலையைத் தூக்காம கேட்டுச்சு.

"மேல பாருடா, என்ன தெரியுது?"

சொல்ல ஆரம்பிச்சேன். பிச்சாடனர், ஓடு, மோகினி, தாடி முனிவருங்க, புலி. ஆயா தலையாட்டிக்கிட்டே வந்துச்சு. ஒரு இடத்துல திட்டு வந்துடுச்சு. நான் சின்னதுல பார்த்ததை விட பெருசா இருந்த மாதிரி பட்டுது. அதை ஆயாகிட்ட சொல்ல வாய் வரல. கண்ணு போன மனுஷிகிட்ட, உன் புஸ்தகத்துல பக்கம் போயிடுச்சுன்னு எப்படிச் சொல்றது? அடிச்சு விட்டேன். "இங்க வியாக்ரபாதர் நிக்கறார் ஆயா. மரத்து மேல. பத்து விரல்லயும் கண்ணு. கீழ கடல். கடல்ல ஒரு கல்லு மிதக்குது, அதுல அப்பர்..."

"டேய், அங்க ஏதுடா கடலு?"

"இருக்கு ஆயா."

"அது நான் வர்றப்பவே உதிர்ந்த இடம்டா. இல்லன்னா இல்லன்னு சொல்லு. எனக்கென்ன?"

மாட்டிக்கிட்டேன். கொஞ்ச நேரம் ரெண்டு பேரும் பேசல. அப்புறம் ஆயாவே மெதுவா ஆரம்பிச்சுது. "நீ சொன்ன மாதிரி எனக்கும் தெரியுதுடா. யார்கிட்டயும் சொல்லல."

நாலஞ்சு மாசமாவாம். சாயங்காலம் தனியா உட்கார்ந்திருக்கும்போது எதிர்ச் சுவர்ல முதல்ல சின்னச் சின்னக் கட்டமா வரும், கம்பிக்கோலம் மாதிரி. அப்புறம் ஆளுங்க. முழங்கால் உயரத்துக்கு, பட்டு கட்டிக்கிட்டு, தலையில என்னென்னமோ வச்சுக்கிட்டு, வரிசையா நடந்து போவாங்க. கால் தரையில படாது. ஒரு நாள் அடுப்பங்கரைக்குள்ள ஒரு படகு போச்சு. ஒரு நாள் முருங்கை மரம் பூரா முகமா இருந்துச்சு. சத்தமே கிடையாது. "எமன் ஆளுங்களோன்னு நெனைச்சேன். ஆனா ஒருத்தன்கூட என்னைத் திரும்பிப் பாக்கலடா. என்னைக் கூட்டிட்டுப் போக வந்தவன் என்னைப் பாக்க மாட்டானா?"

ஒரே ஒரு தடவை வாய்தவறி வீட்டுல ஒருத்தர்கிட்ட சொல்லியிருக்கு. காத்து கருப்புன்னு தாயத்து கட்டிட்டாங்க. அதோட வாயை மூடிக்கிச்சு. பைத்தியம்னு சொல்லிடுவாங்களோன்னு பயம். மனுஷி நாலஞ்சு மாசம் அந்தக் கூட்டத்தோட தனியா உட்கார்ந்திருக்கு. நான் போன்ல "சாப்டியா?"ன்னு கேட்டிருக்கேன்.

அன்னைக்கு ராத்திரியே தேடினேன். இதுக்குப் பேர் இருக்கு. சார்லஸ் பானே சிண்ட்ரோம். சார்லஸ் பானே ஜெனிவாக்காரர், இயற்கை விஞ்ஞானி. அவரோட தாத்தாவுக்குக் கண்புரையால பார்வை மங்கினப்புறம் மனுஷங்க, பறவைங்க, வண்டிங்க, கட்டடங்கள்னு என்னென்னமோ தெரிஞ்சிருக்கு. புத்தி தெளிவாத்தான் இருந்துச்சு, பார்க்கறது நிஜம் இல்லன்னும் அவருக்குத் தெரியும். தாத்தா சொன்னதைப் பேரன் 1760ல எழுதி வச்சார். ஆலிவர் சாக்ஸ் 2012ல எழுதின 'ஹாலுசினேஷன்ஸ்' புத்தகத்தோட முதல் அத்தியாயமே இதைப் பத்தித்தான்.

காரணம் ரொம்ப எளிமையானது. கண்ணுலேர்ந்து தகவல் வர்றது நின்னு போனா, பார்க்கறதுக்கான மூளைப் பகுதி சும்மா இருக்காது. தானா இயங்க ஆரம்பிச்சிடும். கோலம், கட்டம், முகம், அலங்காரத் துணி கட்டின குட்டி ஆளுங்க, இதெல்லாம் உலகம் பூரா நோயாளிங்க சொல்றதுதான். என் பாஷையில சொன்னா ஸ்கிரீன் சேவர். பைத்தியம் இல்ல, பேய் இல்ல. கிளாக்கோமா, கண்புரை, விழித்திரைக் கோளாறுன்னு எதனால பார்வை குறைஞ்சாலும் வரலாம். பல பேருக்கு நாளாக நாளாகக் குறையும். கண்ணைச் சிமிட்டறது, பார்வையை இப்படி அப்படித் திருப்பறது, லைட்டைப் போடறது, இதுலயே சில பேருக்குப் படம் கலைஞ்சிடும். ஆனா குரலும் சேர்ந்து கேட்டாலோ, தெரியறது நிஜம்னே நம்ப ஆரம்பிச்சாலோ, பேச்சுல குழப்பம் இருந்தாலோ வேற காரணம் இருக்கலாம், கட்டாயம் டாக்டர்கிட்ட காட்டணும். நாங்களும் காட்டினோம். அவரும் இதையேதான் சொன்னார். இருக்கற கொஞ்சம் வெளிச்சமாவது நிக்கணும்னா சொட்டு மருந்தை விடக்கூடாதுன்னு எனக்குத் தனியா டோஸ் விழுந்துச்சு.

வீட்டுல இருக்கற எல்லாரையும் உட்கார வச்சு விளக்கினேன். ஆயாகிட்ட, "இருநூத்தறுபது வருஷத்துக்கு முன்னாடியே வெள்ளைக்காரத் தாத்தா ஒருத்தருக்கு இது வந்திருக்கு, அவர் பேரன் எழுதி வச்சிருக்கான்"னு சொன்னேன். கொஞ்ச நேரம் யோசிச்சுட்டு, "அந்தப் பையன் தாத்தாகூடவே இருந்தானா?"ன்னு கேட்டுச்சு.

தெரியல ஆயான்னு சொன்னேன். அதுக்கும் சேர்த்துத்தான் அந்தக் கேள்வின்னு தெரிஞ்சும்.

அதுக்கப்புறம் தாயத்தை ஆயாவே அவிழ்த்துப் போட்டுடுச்சு. சொட்டு மருந்துக்கு ராத்திரி என் போன்ல அலாரம் வச்சிருக்கேன். அடிச்சதும் கூப்பிடுவேன். விட்டாச்சுன்னு ஆயா சொன்னப்புறம், "இன்னைக்கு என்ன படம்?"னு கேட்பேன். ஒரு ஒரு நாளும் ஒரு கதை. பரவனாத்துப் பக்கம் பார்த்த படகு சமையக்கட்டுக்கு வந்துச்சு. மஞ்சக் கல்லு ஒண்ணு கட்டில் மேல அந்தரத்துல நின்னுச்சு. இதுல எது மூளை போட்ட படம், எது என்னைச் சிரிக்க வைக்க ஆயா போட்ட படம்னு நான் கேட்கறதில்ல. பக்கத்து சீட்டுப் பையன்கிட்ட சொன்னேன். "மச்சி, எழுதி வைடா"ன்னான். அதுக்குத்தான் இது.

போன மாசம் ஒரு நாள் வழக்கம் போல கேட்டேன்.

"ரெண்டு வாரமா ஒண்ணும் வரலடா."

நல்லதுதானே ஆயான்னு சொன்னேன். டாக்டர் சொன்ன மாதிரியே குறைஞ்சிருக்கு.

"நல்லதுதான்"னு சொல்லுச்சு. அப்புறம், "திரை போட்டுட்டாங்க போல. சரி, அடுத்த தடவை வந்தா சிதம்பரம் கூட்டிட்டுப் போ. நீயே பாத்துச் சொல்லு. இல்லாததை இல்லன்னு சொல்லு."

சரின்னு சொல்லியிருக்கேன். நீங்களும் அந்தப் பக்கம் போனா அம்மனைப் பார்த்துட்டு அப்படியே திரும்பிடாதீங்க. கொஞ்சம் மேல பாருங்க. அப்படியே, உங்க வீட்டுல கண்ணு மங்கின பெரியவங்க இருந்தா, என்ன தெரியுதுன்னு ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்க.